கட்டி முடித்த கரண்ட் பில்லில் கூடுதலாகப் போன பணம் திரும்ப வருமா?

டெல்டா மாவட்டத்துச் சிற்றூர் ஒன்றிலிருந்து ஒரு சகோதரி நான்கு பக்கக் கடிதம் எழுதியிருக்கிறார். பெயரும் ஊரும் வேண்டாம் என்று கேட்டுக்கொண்டதால் விஷயத்தை மட்டும் சுருக்கித் தருகிறேன்.

சொந்த வீடு. மின் இணைப்பு காலமான மாமனார் பெயரில் இருக்கிறது. இரண்டு மாதத்துக்கு ஒருமுறை 450 முதல் 490 யூனிட் வரை ஓடும். ஏ.சி. கிடையாது. 2023 டிசம்பரில் ரீடிங் எடுக்க யாரும் வரவில்லை. 2024 பிப்ரவரியில் வந்த கணக்கீட்டாளர் நான்கு மாதத்துக்கும் சேர்த்து 960 யூனிட் என்று குறித்தார். பில் 6,150 ரூபாய், கட்டிவிட்டார். ஏப்ரலில் அதே மீட்டர் 2,310 யூனிட் காட்டியது, பில் 20,960 ரூபாய். பியூஸைப் பிடுங்கிவிடுவார்கள் என்ற பயத்தில் இரண்டு பவுன் நகையை அடகு வைத்துக் கட்டியிருக்கிறார். புகார் சொன்னபோது "மீட்டர் ஜம்ப் ஆகியிருக்கும்மா, மாத்திடுறோம், பணத்தை அடுத்தடுத்த பில்லுல கழிச்சுக்கலாம்" என்றார்களாம். மே மாதம் புது மீட்டர் வந்தது. அதன்பிறகு ரீடிங் 455, 490, 470 என்று பழைய நிலைக்குத் திரும்பியும் விட்டது. பணம் மட்டும் கழியவில்லை. அதிகாரி மாறினார், புது அதிகாரி "ரெக்கார்டுல ஒண்ணும் இல்லையே" என்கிறார்.

இப்போது வீட்டில் மூன்று கருத்துகள். பில்லைக் கட்டியதே அதை ஒப்புக்கொண்ட மாதிரிதான், இனி எதுவும் கேட்க முடியாது என்கிறார் ஒரு பக்கத்து வீட்டுக்காரர். பணம் கழியும்வரை எந்த பில்லும் கட்ட வேண்டாம் என்கிறார் கணவர். நுகர்வோர் கோர்ட்டில் 5 லட்சம் நஷ்ட ஈடு கேட்போம் என்கிறார் தம்பி. இதில் யார் சொல்வதைக் கேட்பது என்பதுதான் அவருடைய கேள்வி.

சகோதரி, மூவர் சொல்வதையும் அப்படியே கேட்க வேண்டாம். தம்பி சொன்னதில் மட்டும் பாதி சரி.

முதலில் உங்கள் கணக்கைத் திருத்துகிறேன்

நீங்கள் ஏப்ரல் பில்லை மட்டும்தான் தவறு என்கிறீர்கள். பிப்ரவரி பில்லைப் பற்றி, "நாலு மாசம் ஓடிய கரண்டுக்கு அது நியாயமான தொகைதான்" என்று எழுதியிருக்கிறீர்கள். அது நியாயமான தொகை இல்லை.

தமிழ்நாட்டில் வீட்டுக் கட்டணம் இரண்டு மாதப் பயன்பாட்டை வைத்துப் படிப்படியாக ஏறுவது. முதல் 100 யூனிட் இலவசம் என்பதும் இரண்டு மாதத்துக்குத்தான். 500ஐத் தாண்டினால் மேலே உள்ள யூனிட்டுக்கு மட்டுமல்லாமல், கீழே 101 முதல் 200 வரை உள்ள யூனிட்டின் விலையும் மாறிவிடும். உங்கள் பில் வந்தபோது நடப்பில் இருந்தது 2022 செப்டம்பர் கட்டணம். அதன்படி 500 யூனிட்டுக்கு 1,725 ரூபாய். 501 யூனிட்டுக்கு 1,958 ரூபாய். ஒரு யூனிட் கூடினால் 233 ரூபாய் கூடுகிறது. ரீடிங் எடுக்க ஆள் நாலு நாள் தாமதமாக வந்தாலே நம் பர்ஸில் ஓட்டை விழுவது இதனால்தான்.

960 யூனிட்டை ஒரே சுற்றாகப் போட்டதால் 6,150 ரூபாய் வந்தது. அதையே 480, 480 என்று இரண்டு சுற்றாகப் பிரித்திருந்தால் ஒவ்வொன்றும் 1,605, மொத்தம் 3,210 ரூபாய். ரீடிங் எடுக்க வராதது அவர்கள் தவறு, அதற்காக நீங்கள் ஒரு சுற்றின் 100 இலவச யூனிட்டையும் இழந்து, மேல்படி விலையையும் கொடுத்திருக்கிறீர்கள். ஆக, பிப்ரவரி பில்லில் மட்டும் 2,940 ரூபாய் கூடுதல்.

இனி ஏப்ரல். மீட்டர் பழுதான காலத்துக்கு எப்படிக் கணக்கிட வேண்டும் என்று 2004ஆம் ஆண்டின் தமிழ்நாடு மின் வழங்கல் விதித்தொகுப்பு 11ஆவது விதியில் சொல்லியிருக்கிறது. அதற்கு முந்தைய நான்கு மாதப் பயன்பாட்டின் சராசரியை எடுக்க வேண்டும். உங்களுடைய முந்தைய நான்கு மாதம் 960 யூனிட். இரண்டு மாதத்துக்கு 480. அதாவது 1,605 ரூபாய் வாங்க வேண்டிய இடத்தில் 20,960 வாங்கியிருக்கிறார்கள். கூடுதல் 19,355.

இரண்டையும் சேர்த்தால் 22,295 ரூபாய். உங்கள் மனுவில் இந்த எண்தான் இருக்க வேண்டும், "சுமார் இருபதாயிரம்" என்று இருக்கக் கூடாது. எந்த யூனிட், என்ன விலை, எவ்வளவு வித்தியாசம் என்று ஒரு தாளில் கூட்டிக் காட்டும் மனுவை மேசையிலிருந்து தள்ளிவிடுவது கடினம்.

மீட்டர்தான் தவறு என்று எப்படிக் காட்டுவது?

பில் எகிறினாலே மீட்டர் பழுது என்று நாம் நினைக்கிறோம். என்னிடம் வருபவர்களில் பலருக்கு வீட்டு வயரிங்கில்தான் கோளாறு இருந்திருக்கிறது. தண்ணீர் மோட்டாரில் கசிவு, பக்கத்துப் போர்ஷனின் லைன் நம் மீட்டரில் சேர்ந்திருப்பது, இப்படி. மெயின் சுவிட்சை அணைத்துவிட்டு மீட்டரில் சிவப்பு விளக்கு துடிக்கிறதா என்று பார்த்தால் ஓரளவு தெரிந்துவிடும். இதை எழுதுவது உங்களைச் சந்தேகப்பட்டு அல்ல. எதிர்த்தரப்பு முதலில் கேட்கப்போவது இதைத்தான்.

உங்கள் வழக்கில் பதில் வலுவாக இருக்கிறது. வயரிங்கில் கை வைக்காமல், சாதனங்கள் மாறாமல், மீட்டரை மட்டும் மாற்றியதும் ரீடிங் 455க்கு இறங்கிவிட்டது. அதோடு 60 நாளில் 2,310 யூனிட் என்றால் நாளொன்றுக்கு 38.5 யூனிட். இரவு பகல் 24 மணி நேரமும் ஒன்றரை கிலோவாட்டுக்கு மேல் நிற்காமல் ஓடியிருக்க வேண்டும். அனுமதிச் சுமை (இணைப்புக்கு அனுமதித்த மின் அளவு) இரண்டு கிலோவாட் உள்ள, ஏ.சி. இல்லாத வீட்டில் எதை ஓட்டியிருப்பீர்கள்? ஒன்றரை அயர்ன் பாக்ஸைத் தூங்கும்போதும் சூடாக வைத்திருந்தால்தான் உண்டு.

உங்கள் கையில் இல்லாத ஆதாரம் ஒன்றுதான்: பழைய மீட்டரைக் கழற்றியபோது எழுதிய மாற்ற அறிக்கையும், அதைச் சோதனைக்கூடத்துக்கு அனுப்பியிருந்தால் அந்த முடிவும். "ரெக்கார்டுல ஒண்ணும் இல்லை" என்பது வாய்ப்பேச்சு. மீட்டரை மாற்றியவர்கள் பழையதன் கடைசி ரீடிங்கையும் புதியதன் முதல் ரீடிங்கையும் எங்காவது எழுதாமல் புது மீட்டரைக் கணக்கில் ஏற்றியிருக்க முடியாது. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் கோர்ட் பீஸ் ஸ்டாம்ப் ஒட்டி, இந்த மின் இணைப்பு எண்ணுக்கு 2023 ஆகஸ்ட் முதல் 2024 டிசம்பர் வரையிலான ரீடிங் விவரம், மீட்டர் மாற்றியதன் காரணம், மாற்ற அறிக்கையின் நகல், சோதனை முடிவின் நகல் என்று நான்கே வரியில் கேளுங்கள். 30 நாளுக்குள் பதில் தர வேண்டும். வீட்டில் இருக்கும், ரீடிங் குறிக்கும் வெள்ளை அட்டையை இன்றே போட்டோ எடுத்து வையுங்கள். டிசம்பர் கட்டம் காலியாக இருப்பதே பேசும்.

இனிமேல் இப்படி நடந்தால் ஒன்று செய்யலாம். 2020ஆம் ஆண்டு மின் நுகர்வோர் உரிமை விதிகளில் 2024 பிப்ரவரியில் ஒரு திருத்தம் வந்தது. ரீடிங் பயன்பாட்டோடு ஒத்துப்போகவில்லை என்று புகார் கொடுத்தால், ஐந்து நாளுக்குள் கூடுதலாக ஒரு மீட்டரை வைத்து, குறைந்தது மூன்று மாதம் ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும் என்பது அது. கேட்டு வாங்க வேண்டிய உரிமை, யாரும் தானாக வந்து வைக்கமாட்டார்கள்.

கட்டியதால் உரிமை போய்விட்டதா?

போகவில்லை. மின் வழங்கல் விதித்தொகுப்பின் 12ஆவது விதி இதற்கென்றே இருக்கிறது. குறைவாக வசூலித்திருந்தால் மீதியைக் கேட்க அவர்களுக்கு உரிமை, கூடுதலாக வசூலித்திருந்தால் திரும்பக் கேட்க உங்களுக்கு உரிமை. திருப்பும்போது, நீங்கள் பணம் கட்டிய நாளிலிருந்து, காப்புத்தொகைக்கு (இணைப்புக்காகக் கட்டியிருக்கும் டெபாசிட்) தரும் வட்டி விகிதத்தில் வட்டியும் சேர்த்துத் தர வேண்டும். காசோலையாகத் தரலாம், அல்லது அடுத்து வரும் பில்களில் கழிக்கலாம். 2003ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 62(6) பிரிவும், நிர்ணயித்த கட்டணத்துக்கு மேல் வாங்கிய பணத்தை வட்டியோடு திரும்பப் பெறலாம் என்கிறது. மனுவில் இரண்டையும் குறிப்பிடுங்கள்.

நடந்து முடிந்ததைச் சொல்லி வருத்தப்படுத்த விரும்பவில்லை, ஆனால் இதைப் படிக்கும் மற்றவர்களுக்காகச் சொல்லியாக வேண்டும். நகையை அடகு வைக்க வேண்டிய கட்டாயம் அன்று உங்களுக்கு இல்லை. பணம் பாக்கி என்று இணைப்பைத் துண்டிப்பதற்கு முன் 15 நாள் எழுத்து மூலம் அறிவிப்பு தர வேண்டும் என்கிறது மின்சாரச் சட்டம் 56(1). பில்லில் தகராறு இருந்தால், கேட்ட முழுத் தொகை அல்லது முந்தைய ஆறு மாதச் சராசரிப்படி வரும் கட்டணம், இரண்டில் எது குறைவோ அதை "ஆட்சேபத்துடன் செலுத்துகிறேன்" என்று எழுதிக் கட்டிவிட்டால், தகராறு தீரும்வரை துண்டிக்கக் கூடாது. அடகுச் சீட்டையும் வட்டி கட்டிய ரசீதுகளையும் தொலைத்துவிடாதீர்கள், அவற்றுக்கு வேலை இருக்கிறது.

உங்கள் கணவரிடம் ஒன்று சொல்லுங்கள். "நீ எனக்குத் தரணும், அதனால நான் உனக்குத் தரமாட்டேன்" என்பது மளிகைக் கடைப் பற்று வரவில் எடுபடும். இங்கே எடுபடாது. நடப்பு பில்லில் எந்தத் தகராறும் இல்லை. அதைக் கட்டாமல் விட்டால் முறைப்படி அறிவிப்பு கொடுத்து பியூஸைப் பிடுங்க அவர்களுக்கு உரிமை வந்துவிடும். இன்றுவரை தவறு முழுவதும் அவர்கள் பக்கம், அதை நாமே கலைக்க வேண்டாம்.

எந்தக் கதவைத் தட்டுவது?

இரண்டு வழிகள் இருக்கின்றன. ஒன்று, மின்சாரச் சட்டம் 42(5)இன்படி ஒவ்வொரு மின் பகிர்மான வட்டத்திலும் இருக்கும் மின் நுகர்வோர் குறைதீர்க்கும் மன்றம். அதன் தீர்ப்பில் திருப்தி இல்லையென்றால் 30 நாளுக்குள் மின் குறைதீர்ப்பாளரிடம் போகலாம். இன்னொன்று, மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையம், அதாவது உங்கள் தம்பி சொல்லும் நுகர்வோர் கோர்ட். மின்சாரம் வழங்குவதும் சேவைதான் என்று 2019ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தின் விளக்கத்திலேயே இருக்கிறது. முதல் வழி இருப்பதால் இரண்டாவது அடைபட்டுவிடாது, மின்சாரச் சட்டம் 42(8) அதைக் காப்பாற்றி வைத்திருக்கிறது. ஆனால் ஒரே நேரத்தில் இரண்டு இடத்திலும் வழக்கு நடத்த முடியாது.

மன்றத்தின் தலைவர் அதே துறையின் மேற்பார்வைப் பொறியாளர். "அவங்களுக்கு அவங்களே நீதிபதியா?" என்று நீங்கள் கேட்பது காதில் விழுகிறது. நியாயமான சந்தேகம். இருந்தாலும் உங்கள் பிரச்சினை கூட்டல் கழித்தல் சம்பந்தப்பட்டது, யாருடைய நேர்மை பற்றியதும் அல்ல. அந்தக் கணக்கை ஒரு பொறியாளர் பத்து நிமிடத்தில் புரிந்துகொள்வார், பழைய பதிவேட்டை எங்கே தேட வேண்டும் என்பதும் அவருக்குத் தெரியும். 2020 விதிகள் குறைதீர்ப்புக்கு அதிகபட்சம் 45 நாள் என்கின்றன. மேல்முறையீட்டைக் கேட்கும் குறைதீர்ப்பாளர், தமிழ்நாடு மின்சார ஒழுங்குமுறை ஆணையம் நியமிப்பவர், உங்கள் ஊர் அலுவலகத்துக்குக் கட்டுப்பட்டவர் அல்ல.

நுகர்வோர் ஆணையத்தில் கூடுதலாகக் கிடைக்கக் கூடியது நஷ்ட ஈடும் வழக்குச் செலவும். உங்கள் அடகு வட்டி அங்கேதான் உதவும். சேவைக்குக் கொடுத்த தொகை 5 லட்சம் வரை என்றால் மனுக் கட்டணம் கிடையாது, வக்கீல் வைத்தே ஆக வேண்டும் என்பதும் இல்லை, நீங்கள் வசிக்கும் மாவட்டத்திலேயே போடலாம். மூன்று மாதத்தில் முடிக்க வேண்டும் என்கிறது சட்டம். நான் அந்த வராந்தாவில் காத்திருந்த அனுபவத்தில் சொல்கிறேன், அதை நம்பி நாள்காட்டியில் வட்டம் போடாதீர்கள். 5 லட்சம் நஷ்ட ஈடு என்பதையும் தம்பி மறந்துவிடட்டும். 22,000 ரூபாய்த் தகராறுக்கு 5 லட்சம் கேட்டால் உண்மையான இழப்பின் மீதும் சந்தேகம் வந்துவிடும். அடகுக்குக் கட்டிய வட்டி, அலைந்த செலவு, மன உளைச்சலுக்கு ஓர் அளவான தொகை, இவை போதும்.

என் யோசனை: முதலில் மன்றம், ஆனால் கையில் கடிகாரத்தோடு. ஏனென்றால் நுகர்வோர் ஆணையத்தில் வழக்குப் போட இரண்டு ஆண்டுதான் கெடு. அலுவலகத்தோடு நீங்கள் பேசிக்கொண்டும் கடிதம் எழுதிக்கொண்டும் இருப்பதால் அந்தக் கெடு தள்ளிப்போகாது. நீங்கள் பிப்ரவரி பில்லைக் கட்டியது 2024 பிப்ரவரி 19, ஏப்ரல் பில்லைக் கட்டியது ஏப்ரல் 26. நான் இதை எழுதுவது 2025 அக்டோபரில். பிப்ரவரி தொகைக்கு 2026 பிப்ரவரி 19 வரைதான் நிச்சயம். தாமதத்துக்குத் தக்க காரணம் காட்டினால் மன்னிக்க ஆணையத்துக்கு அதிகாரம் உண்டு, ஆனால் அதை நம்பிக் கிளம்பக் கூடாது. இந்த வாரமே உதவிப் பொறியாளருக்கு எழுத்து மூலம் மனு, 15 நாளில் பதில் இல்லையென்றால் மன்றம். பொங்கலுக்குள் உத்தரவு வராவிட்டால் மன்றத்து மனுவை எழுதிக் கொடுத்துத் திரும்பப் பெற்றுக்கொண்டு, ஜனவரி முடிவதற்குள் நுகர்வோர் ஆணையம்.

மனுவை நேரில் கொடுத்தால் நகலில் தேதியோடு முத்திரை வாங்குங்கள். முத்திரை போட மறுத்தால் ஸ்பீட் போஸ்டில் அனுப்பி ரசீதை வைத்துக்கொள்ளுங்கள். மின்வாரியத்தின் புகார் மையமான மின்னகத்தின் 94987 94987 எண்ணிலும் புகார் பதிந்து அந்தப் பதிவு எண்ணை மனுவில் எழுதுங்கள். ஒன்றரை வருஷத்துக்கு மேல் நீங்கள் ஏழு முறை போய்வந்திருக்கிறீர்கள். ஏழு முறையும் ஒரு துண்டுச் சீட்டுகூட வாங்காமல் வந்ததால்தான் புது அதிகாரியால் இவ்வளவு சுலபமாக "ஒண்ணும் இல்லை" என்று சொல்ல முடிகிறது.

மாமனார் பெயரும் அந்த மிரட்டலும்

இணைப்பு உங்கள் பெயரில் இல்லாததால் வழக்குப் போட முடியாதோ என்று கேட்டிருக்கிறீர்கள். முடியும். சேவையின் பலனை அனுபவிப்பவரும் நுகர்வோர்தான், பில் கட்டியதும் நீங்கள்தான். ஆனால் பெயர் மாற்றத்துக்கு இப்போதே விண்ணப்பியுங்கள், வேறு காரணத்துக்காக. காசோலை தர முடிவெடுத்தால் அது மாமனார் பெயரில் வந்து நிற்கும், அதை யாரும் பணமாக்க முடியாது. பில்லில் கழிப்பது என்றால் பெயர்ச் சிக்கல் இல்லை, ஆனால் இரண்டு மாதத்துக்கு 1,600 ரூபாய் வீதம் 22,295 கழிய பதினான்கு பில்கள், அதாவது இரண்டேகால் வருஷத்துக்கு மேல் ஆகும். நகையை மீட்க உங்களுக்கு ரொக்கம் தேவை. வாரிசுச் சான்றிதழ் கையில் இருந்தால் கணவர் பெயருக்கு மாற்றிவிட்டு, காசோலையாகவே கேளுங்கள்.

கடைசிப் பக்கத்தில் பென்சிலால் எழுதியிருந்தீர்கள்: "ரொம்பப் பேசினா, நீங்க வீட்டுல தையல் தைக்கிறதுக்குக் கமர்ஷியல் போட்டுடுவோம்னு ஒருத்தர் சொன்னார்." பயப்படும் விஷயமா என்றால், கொஞ்சம் கவனமாக இருக்க வேண்டிய விஷயம். வாசலில் போர்டு மாட்டி, ஆள் வைத்து, முன் அறையைக் கடையாக நடத்தினால் வணிகக் கட்டணம் கேட்பார்கள், அதில் நியாயமும் உண்டு. அப்படியானால் அந்தப் பகுதிக்குத் தனி இணைப்பு வாங்கிவிடுங்கள். ஒரு மெஷினை வைத்து அக்கம்பக்கத்தாருக்கு பிளவுஸ் தைத்துக் கொடுப்பதைக் கடை என்று சொல்லிவிட்டுப் போக முடியாது.

அனுமதி இல்லாத பயன்பாடு என்று அவர்கள் நடவடிக்கை எடுத்தால் அது மின்சாரச் சட்டம் 126ஆவது பிரிவில் வரும். முதலில் தற்காலிக மதிப்பீடு தந்து உங்கள் ஆட்சேபத்தைக் கேட்க வேண்டும். இறுதி உத்தரவு வந்தால் 30 நாளுக்குள், மதிப்பிட்ட தொகையில் பாதியைக் கட்டி மேல்முறையீடு செய்யலாம். அந்த மதிப்பீட்டை எதிர்த்து நுகர்வோர் ஆணையத்துக்குப் போக முடியாது என்று உச்ச நீதிமன்றம் 2013இல் அனீஸ் அகமது வழக்கில் தீர்ப்பளித்துவிட்டது. உங்கள் ஊரில் யாரோ "கரண்ட் கேஸெல்லாம் நுகர்வோர் கோர்ட்டில் எடுக்கமாட்டாங்க" என்று சொன்னார்களே, அந்த அரைகுறைச் செய்தியின் பிறப்பிடம் அநேகமாக இதுதான். உங்களுடையது தவறான பில் பற்றிய புகார், 126 அல்ல.

அந்த மிரட்டலைச் சொன்னது யார், எந்தத் தேதியில், பக்கத்தில் யார் இருந்தார்கள் என்பதை இன்று நினைவிருக்கும்போதே ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். மனுவில் இப்போதைக்கு அதைச் சேர்க்க வேண்டாம். உங்கள் மனு அட்டை, ரீடிங், தொகை என்று மூன்றையும் மட்டும் பேசட்டும். மீட்டர் மாற்ற அறிக்கை கைக்கு வந்ததும் அதன் நகலை எனக்கு அனுப்புங்கள். அதில் "பழுது" என்ற சொல் இருக்கிறதா, வேறு ஏதாவது எழுதியிருக்கிறதா என்று பார்த்துவிட்டு மன்றத்துக்கான மனுவைச் சேர்ந்தே எழுதுவோம்.